பழுது என்று காட்டிய ஒரு ஃபைல்

அனூர் வண்டி ஓட்டிய என் அன்பான அப்பாவுக்கு,

இதை உங்களால் படிக்க முடியாது. நீங்கள் உயிரோடு இருந்தபோதும் முடியாதுதானே. கொள்ளேகாலில் கன்னடப் பள்ளிக்கூடத்தில் படித்தவர் நீங்கள். தமிழ் உங்களுக்கு வாயில்தான், எழுத்தில் இல்லை. தமிழில் வரும் கல்யாணப் பத்திரிகையைக்கூட அந்தியூர்க்காரியான அம்மாதான் படித்துக் காட்டுவாள். இதையும் அவளே படிக்கட்டும். அவளுக்குத் தெரியாத எதையும் நான் இதில் எழுதப் போவதில்லை.

சொல்ல வேண்டியதை முதலில் சொல்லிவிடுகிறேன். உங்கள் குரலை நான் அழித்துவிட்டேன். வேண்டுமென்று செய்யவில்லை. ஆனாலும் அழித்தது என் விரல்தான்.

முப்பது வருடம் அரசு பஸ் ஓட்டி ஓய்வு பெற்ற மனிதர், விஜயநகர் வீட்டில் உட்கார்ந்து கம்ப்யூட்டர் கேமில் பஸ் ஓட்டினால் யார்தான் சிரிக்க மாட்டார்கள்? நான் சிரித்தேன். "ஏப்பா, ஓட்டுனது போதாதா?" என்று கேட்டேன்.

"அதுல முதுகுக்குப் பின்னாடி அறுவது உசுரு இருந்துது அம்மிணி. ஒரு நாளும் நிம்மதியா ரோட்டப் பாத்ததில்ல. இதுல இடிச்சாலும் யாரும் சாக மாட்டாங்க" என்றீர்கள்.

அந்த கேமில் வண்டி நகர்ந்ததும் ரேடியோ பாடும். ஏதோ வெளிநாட்டு கிதார். மூன்று நிமிடத்துக்குச் சற்று மேல் ஓடி முடிந்து மறுபடியும் முதலிலிருந்து அதுவே வரும். உங்களுக்கு அது ஆகவே ஆகாது. "பல்லு வலி வந்தவன் மொனகற மாதிரி இருக்குது. இத மாத்தித் தர்றியா கண்ணு?" என்று கேட்டீர்கள். நான் அப்போதுதான் ஹெப்பாள் ஃபேக்டரியிலிருந்து கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கியிருந்தேன். "அதெல்லாம் மாத்த முடியாதுப்பா, கேமோட சேந்தே வர்றது" என்று வெடுக்கென்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டேன். முடியும் என்று எனக்குத் தெரியும் அப்பா. சோம்பல், அவ்வளவுதான்.

நீங்கள் அதோடு விடுகிற ஆளா? வீடியோக்களைப் பார்த்துப் பார்த்து, ஒரு நோட்டில் எழுதி எழுதி, நீங்களே கண்டுபிடித்தீர்கள். கேமின் சத்தங்கள் எல்லாம் ஒரே மூட்டையாகக் கட்டப்பட்டிருக்கின்றன, அதைப் பிரிக்க ஒரு சின்ன புரோகிராம் இருக்கிறது என்று. பிரித்தால் உள்ளே நூற்றுக்கணக்கில் ஃபைல்கள். ஒன்றுக்கும் பெயர் கிடையாது, வெறும் எண்தான். நானாக இருந்தால் அங்கேயே மூடிவைத்திருப்பேன். நீங்கள் தினமும் காலையில் காப்பி குடித்துவிட்டு உட்கார்ந்து, ஒன்று விடாமல் ஓட்டிக் கேட்டீர்கள். எஞ்சின் சத்தத்திலேயே எது லூசாக இருக்கிறது என்று சொல்லும் காது அல்லவா? நோட்டு முழுக்கக் கன்னட எழுத்தில் நம் வீட்டுத் தமிழ். "214 கதவு. 215 மழ. 216 எவனோ தும்மறான்." அந்தத் தும்மலுக்கு மட்டும் இரண்டு கோடு போட்டிருக்கிறீர்கள். ஏன் என்று கேட்க வேண்டும் என்றிருந்தேன்.

முதல் தடவை எண்ணைத் தப்பாக எடுத்துவிட்டீர்கள். ரேடியோவில் வருகிறதா என்று பார்க்க நீங்கள் பேசிவைத்த சின்னப் பதிவு ஹாரனில் போய் உட்கார்ந்துகொண்டது. ஹாரனை அழுத்தும்போதெல்லாம் "அனூர், அனூர், அனூர்" என்று நீங்களே கத்தினீர்கள். அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்து, சுவரில் சாய்ந்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்து அதற்குப் பிறகு நான் பார்க்கவில்லை.

கடைசியில் சரியாக வந்தது. பாட்டுப் போட்டிருப்பீர்கள் என்றுதான் நினைத்தேன். இல்லை. மூன்று நிமிடம் பன்னிரண்டு விநாடிக்கு ஏதோ ஒரு மெட்டை முனகிக்கொண்டே, நடுநடுவே ஸ்டாப் பெயர்களைச் சொல்லியிருந்தீர்கள். வருணா, நரசீபுரம், மூகூர், கொள்ளேகால், மதுவனஹள்ளி, காமகெரே, அனூர். "ஸ்டாப்பு சொல்றது கண்டக்டர் வேலை. முப்பது வருசம் எனக்கு வாயே இல்லாமப் போச்சு. இப்ப என்ர வண்டி, நானே சொல்லிக்குவேன்" என்று சொன்னீர்களாம். என்னிடம் இல்லை, அம்மாவிடம். நான் அதை ஒருமுறைகூட முழுதாக உட்கார்ந்து கேட்டதில்லை. பக்கத்து அறையில் நீங்கள் கொள்ளேகால் வரும்போது நான் கதவைச் சாத்திக்கொள்வேன்.

மாசியில் ஒரு காலை பால் வாங்கப் போனீர்கள். பாலை வேறு யாரோ கொண்டுவந்து கொடுத்தார்கள்.

காரியம் எல்லாம் முடிந்து, உங்கள் பென்ஷன் காகிதங்களைத் தேடிக் கம்ப்யூட்டரைத் திறந்தேன். ஏன் அந்த கேமை அழுத்தினேன் என்று தெரியவில்லை. வண்டி நகர்ந்தது. நீங்கள் முனக ஆரம்பித்தீர்கள். வருணா என்றீர்கள். திரும்பிப் பார்த்தால் அம்மா ஈரக் கையோடு வாசற்படியில் நிற்கிறாள். ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

அன்றிலிருந்து அதுவே வழக்கமாகிவிட்டது. நான் வேலையிலிருந்து வந்ததும் டீ. அப்புறம் அம்மா தலையை வாரிக்கொண்டு, வெளியே போகிறவள் மாதிரி புடவையைச் சரிசெய்துகொண்டு, வந்து உட்காருவாள். நான் வண்டியை எடுப்பேன். என் ஓட்டுதலைப் பற்றி நீங்கள் கேட்காமலிருப்பதே நல்லது. "அவரு இந்த வளைவுல இப்பிடி இடிக்க மாட்டாரு" என்பாள். நீங்கள் ஒரு தரம் அனூர் போய்ச் சேர்ந்ததும், போதும் என்று எழுந்து போய் விளக்கேற்றுவாள்.

உங்கள் குரல் வேறு எங்கேயும் இல்லை அப்பா. என் கல்யாண வீடியோவை முழுக்கப் பார்த்துவிட்டேன். கேமராவைக் கண்டால் உங்கள் வாய் பூட்டிக்கொள்ளும். அம்மா கேட்டாள்: "இத என்ர போன்ல ஏத்திக் குடுக்க முடியுமா கண்ணு?" முடியும் என்றேன். உங்கள் நோட்டைப் பார்த்து, மூட்டையைப் பிரித்து, அந்த ஒரு ஃபைலை எடுத்து போனில் போட வேண்டும். ஒரு மணி நேர வேலை. ஞாயிற்றுக்கிழமை பண்ணுகிறேன் என்றேன். எத்தனை ஞாயிற்றுக்கிழமை போயிற்று என்று கேட்காதீர்கள்.

ஒரு நாள் சாயங்காலம் கரண்ட் போய் வந்தது. கேம் திறக்க மறுத்தது. அம்மா நாற்காலியில் வந்து உட்கார்ந்தாகிவிட்டது. எனக்கு அவசரம். திரையில் ஒரு பொத்தான் இருந்தது, ஃபைல்களைச் சோதித்துச் சரிசெய்கிறேன் என்று. அழுத்தினேன். கொஞ்ச நேரம் சோதித்துவிட்டுச் சொன்னது: ஒரு ஃபைல் பழுது, மாற்றட்டுமா?

நான் என்ன வேலை பார்க்கிறேன் என்று உங்களுக்குத் தெரியும். ஃபேக்டரியில் நாள் முழுக்க என் முன்னால் சாமான்கள் வந்துகொண்டே இருக்கும். பழுதானதைப் பார்த்ததும் எடுத்துப் போட்டுவிட்டு நல்லதை வைக்க வேண்டும். யோசிக்கக் கூடாது, கை தானாகப் போக வேண்டும். போயிற்று. ஆமாம் என்று அழுத்தினேன்.

அந்தப் பழுது நீங்கள்தான் அப்பா. அத்தனை ஃபைல்களில் கேமுக்கு ஆகாதது உங்கள் குரல் ஒன்றுதான். அதைத் தூக்கிப் போட்டுவிட்டு, பழைய கிதாரை எங்கிருந்தோ கொண்டுவந்து அதே இடத்தில் வைத்துவிட்டது. வண்டி நகர்ந்ததும் கிதார் வந்தது. அம்மா என்னைப் பார்த்தாள்.

"இது அவரு இல்லையே" என்றாள்.

கம்ப்யூட்டர் கெட்டுப்போச்சு, சரிபண்ணணும் என்று பொய் சொன்னேன். மறுநாள் அதைத் தூக்கிக்கொண்டு போய், எங்கள் கம்பெனியில் கம்ப்யூட்டர் பார்க்கிற மஞ்சுநாத்திடம் கொடுத்தேன். நல்ல மனுஷர். சாப்பாட்டு நேரத்தில் சாப்பிடாமல் உட்கார்ந்து தேடினார். பிறகு, "ஹோய்த்து மேடம்" என்றார். போய்விட்டதாம். அதன் மேலேயே வேறு எழுதிவிட்டதாம். நீங்கள் பதிவு செய்த முதல் பிரதியாவது எங்காவது கிடக்காதா என்று உங்கள் நோட்டைப் புரட்டினேன். கடைசிப் பக்கத்தில் எழுதியிருக்கிறீர்கள்: "வேல முடிஞ்சா மிச்சம் மீதிய அழிச்சுரோணும். வண்டில வேண்டாத சாமான் கெடக்கக் கூடாது."

உங்கள் மேல் எனக்கு வந்த கோபம் இருக்கிறதே. செத்துப்போன அப்பாவைத் திட்டுகிற மகள் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். ஒன்றே ஒன்றை விட்டுவைத்திருக்கக் கூடாதா? அப்புறம் அந்த ஞாயிற்றுக்கிழமைகள் எல்லாம் ஞாபகம் வந்தன. திட்டுவதை நிறுத்திக்கொண்டேன்.

மூன்றாம் நாள் அம்மாவிடம் சொன்னேன். கன்னத்தில் ஒன்று வைப்பாள் என்று நினைத்தேன், வைத்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தேன். "செரி உடு" என்றாள். மாடிக்குப் போய், காயாத துணியை எடுத்து மடித்துக்கொண்டிருந்தாள். அதற்குப் பிறகு அந்த அறைக்கு அவள் வரவில்லை. டீ குடித்ததும் முன்னறையில் உட்கார்ந்து டிவியைப் பார்ப்பாள். சத்தம் வைக்க மாட்டாள். தலையும் வாருவதில்லை. உங்களை இரண்டாவது தரம் மயானத்தில் கொண்டுபோய் வைத்துவிட்டு வந்தவள் நான் என்றே தோன்றியது.

பத்து நாள் இருக்கும். ஒரு சனிக்கிழமை அறைக்குள் வந்து நின்றாள்.

"அவரு மூகூர் தாண்டி என்ன சொன்னாரு?"

"கொள்ளேகால்."

"அதுக்கு முன்னாடி."

எனக்குத் தெரியவில்லை.

"ஒருக்கா இருமுவாரு. இருமிப்போட்டு, 'சில்லற இருந்தா குடுங்க' ம்பாரு. காமகெரேல, 'ஆடு ஓட்டற அம்மா, ஆட்டப் புடிச்சுக்குங்க' ம்பாரு." நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். "நீயும் பக்கத்துலதான உக்காந்திருந்த? ஒண்ணுமே கேக்கலயா?"

நான் வளைவுகளில் இடிக்காமல் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் உங்களை மனப்பாடம் செய்துகொண்டிருந்தாள்.

"நானே சொல்றேன். புடிச்சு உள்ள போடு" என்றாள்.

மைக்கை வைத்தேன். ஃபேனை நிறுத்தினேன். கண்ணை மூடிக்கொண்டு அம்மா ஆரம்பித்தாள். அந்த மெட்டு, அப்படியே. வருணா, நரசீபுரம். மூகூருக்குப் பிறகு இருமலையும் இருமினாள். குரல் அவளுடையதுதான், ஆனால் இழுக்கிற இழுப்பு, நிறுத்துகிற இடம் எல்லாம் நீங்கள். அனூர் வந்தது. "கடேசி ஸ்டாப்புங்கோ" என்று நீங்கள் முடிக்கிற மாதிரியே முடித்தாள். நான் நிறுத்தப் போனேன். கண்ணைத் திறக்காமலே கையைக் காட்டித் தடுத்தாள். பிறகு இன்னும் ஒன்று சொன்னாள்.

உங்கள் நோட்டைப் பார்த்துப் பார்த்துச் செய்தேன். மூட்டையைப் பிரித்தேன், எண்ணை நான்கு தரம் சரிபார்த்தேன். ஹாரனில் போய் உட்கார்ந்திருந்தால் அம்மா என்னை வீட்டைவிட்டே துரத்தியிருப்பாள். ஆனால் நீங்கள் பெரிதாக எழுதிக் கட்டம் கட்டிவைத்த விதி ஒன்று இருக்கிறதே: "பழசவிட ஒரு செகண்டுகூட நீளமா இருக்கப்படாது. இருந்தா வண்டி ஊமையாப் போயிரும்." அம்மாவுடையது ஒன்பது விநாடி அதிகம். கடைசியில் சொன்னாளே, அதுதான் அந்த ஒன்பது.

அதை வெட்டினால் மீதி கச்சிதமாக உட்கார்ந்துவிடும். எப்படியும் அது பஸ்ஸில் வருகிற பேச்சு இல்லை. உங்களுக்கும் அவளுக்கும் நடுவில் உள்ளது, நான் கேட்டிருக்கவே கூடாதது. அவளிடமே கேட்டேன். "அம்மா, ஒம்பது செகண்டு கொறைக்கோணும். கடைசில இருக்கறத எடுத்துறட்டுமா?"

"அதுல கை வெக்காத" என்றாள். "வருணாவ எடுத்துரு. வருணால என்னைக்கு ஆளு எறங்கிச்சு?"

எடுத்துவிட்டேன். இப்போது உங்கள் வண்டி வருணாவில் நிற்பதில்லை. மன்னித்துக்கொள்ளுங்கள். போன ஞாயிற்றுக்கிழமை முதல் முறையாக ஓட்டிப் பார்த்தோம். அம்மா தலை வாரிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள். தன் குரலையே கேட்க அவளுக்கு வெட்கம், முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். மதுவனஹள்ளி போயிற்று, காமகெரே போயிற்று. நான் ஓட்டுவதைக் குறை சொல்லக்கூட இல்லை.

என்னால் உங்கள் குரலைத் திருப்பிக் கொண்டுவர முடியாது அப்பா. அந்தக் குறை நான் சாகிறவரை இருக்கும். ஆனால் ஒரு சத்தியம் செய்கிறேன். இனி நாள்தோறும் சாயங்காலம், எத்தனை அலுப்பாக இருந்தாலும், கதவைச் சாத்திக்கொள்ளாமல் அம்மா பக்கத்தில் உட்கார்ந்து கடைசி ஸ்டாப் வரை வண்டியை ஓட்டுவேன். அவள் சொன்னதை உங்களைக் கேட்கவைப்பேன். அந்த ஒன்பது விநாடியில் அவள் சொன்னது இதுதான்: "எல்லாரும் எறங்கியாச்சுங்க. வண்டிய நிறுத்திப்போட்டு நீங்க ஊட்டுக்கு வாங்க."

உங்கள் மகள்,
சுமதி