வற்றாளங்கிழங்குத் தட்டு

புரட்டாதி 18, வெள்ளி.

மருமகன் அடித்ததில் மகளின் தாடை வீங்கிவிட்டது. அவளுக்கு மெல்ல ஏலாது. அதனால் வற்றாளங்கிழங்குகளை ஓவனில் மெத்தென்று சுட்டேன். கிண்ணியாத் தயிரைத் துணியில் வடித்து, கித்துள் மரத்து இனிப்புப் பாணியுடன் அடித்து மேலே ஊற்ற வைத்திருந்தேன்.

தட்டை வெளியே எடுத்தபோது அவளைக் கூட்டிப்போக அவன் வந்து நின்றான். பழக்கதோஷம். கதிரை இழுத்துப் போட்டு, மருமகன் என்பதற்காக முதல் பங்கை அவனுக்கே கொடுத்தேன்.

"கைப்பக்குவம் திறம், மாமா. மகளுக்கு அடக்கத்தையும் பழக்கியிருக்கலாம்."

தின்று முடித்ததும் அவளைத் தலைமயிரில் பிடித்து வாசல்வரை இழுத்தான்.

சூடு ஆறாத தட்டால் அவன் முகத்தில் அடித்தேன். மூக்கு உடைந்த சத்தம் கேட்டது. விழுந்தவனை இன்னும் இரண்டு முறை அடித்தேன். அந்த இரண்டும் தேவையில்லை. அடிக்க விருப்பமாக இருந்தது. இரத்தம் ஒழுக எழுந்து ஓடினான். பொலிசுக்குப் போவானோ, ஆட்களோடு வருவானோ தெரியவில்லை.

மகள் கதவைப் பூட்டினாள்.

"போன தரமும் அடி வாங்கித்தானே வந்தனான், அப்பா. அப்ப ஏன் திருப்பி அனுப்பினீங்கள்?"

"அவனுக்குப் பயந்துதான், பிள்ளை."

"எனக்கும் பயமாத்தானே இருந்தது," என்றாள்.