வேம்பின் பட்டை

செகந்திராபாத், செவ்வாய்க்கிழமை

கார் நிறுத்த இடம் வேண்டி, மரம் பட்டுப்போகட்டும் என்று வாசல் வேம்பின் பட்டையை யாரோ சுற்றிலும் உரித்துவிட்டார்கள். பாவிகள். என் கணவர் தவறிப்போவதற்கு முந்தின வருஷம் நட்ட மரம்.

சாயங்காலம் மகள் நிவி பாடப்புத்தகத்தோடு வந்தாள்.

"மம்மி, ஃப்ளோயம் மீன்ஸ் க்யா?"

"கிரேக்கத்துல பட்டைன்னு அர்த்தம்டி. இலை செய்யற சாப்பாட்டை வேருக்குக் கொண்டுபோறது அதுதான்."

பள்ளியில் தாவரவியல் நடத்துகிறவள் நான். வாய் தானாகச் சொல்லிவிட்டது. அவள் ஜன்னல் வழியே பார்த்தாள்.

"நம்ம மரம் இன்னும் க்ரீனாத்தானே இருக்கு?"

"ஹவ், ஆமா" என்றேன்.

தண்ணீர் ஏறும் வழி உள்மரத்தில் இருக்கிறது. அதனால்தான் இலை இன்னும் வாடவில்லை. வேர் பட்டினி கிடக்கிறது. அதைச் சொல்லவில்லை.

சாப்பிட்டதும் அவள் ஒரு வாளித் தண்ணீர் கொண்டுபோய் மரத்துக்கு ஊற்றினாள். காலி வாளியோடு திரும்பி வந்தாள்.

நான் இன்னொரு வாளி நிரப்பிக் கொடுத்தேன்.