தாய்மாமன் மடி

தாழக்குடி
10 ஜனவரி 1955

கோர்ட்டிலிருந்து ஓர் ஆள் வந்து அம்மாவிடம் காகிதம் கொடுத்துவிட்டுப் போனார். முழுக்க மலையாளம். பள்ளிக்கு எடுத்துப்போய் ஓமனாவைப் படிக்கச் சொன்னேன். எங்கள் நான்காம் பாரம் வகுப்பில் மலையாளம் நன்றாகத் தெரிந்தவள் அவள்தான்.

வழக்குப் போட்டிருப்பது மாமா. அம்மாவின் ஒரே அண்ணன், அய்யம்பெருமாள் மாமா. வீடும் வயலும் அம்மாவுக்குப் பிறகு அவள் பிள்ளைக்கு, பிள்ளை இல்லாவிட்டால் மாமாவுக்கு என்று அவர்கள் தாயார் உயில் எழுதியிருக்கிறார். நான் தத்துப்பிள்ளை இல்லையாம். சும்மா எடுத்து வளர்த்த பிள்ளையாம்.

"ஏட்டி, இதெல்லாம் உன்னைப் பத்தியா?" என்றாள் ஓமனா. காகிதத்தில் ஏழு இடத்தில் என் பெயர். கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

11 ஜனவரி

நேற்றைய பெருமை காலையிலேயே போய்விட்டது. தோற்றால் நான் யார்? வயல் போகட்டும் — அம்மாவை என்ன முறை சொல்லிக் கூப்பிடுவது?

அம்மா புளி கரைத்துக்கொண்டே, "போய் படி மக்கா" என்றாள்.

3 பிப்ரவரி

நாகர்கோவிலில் வக்கீலைப் பார்த்தோம். எங்கள் வழக்கத்தில் பெண்ணையும் தத்தெடுக்கலாமாம். ஆனால் பெற்றவள் கையால் கொடுத்து, அம்மா வாங்கி, பிள்ளைக்கு மஞ்சள்நீர் புகட்டியதைக் கண்டவர் வேண்டும். என்னைப் பெற்றவள் இப்போது இல்லை. அப்பா இல்லை. மஞ்சள் கலக்கியவரும் இல்லை.

"வேற ஆரும் பாக்கலியா?"

"எனக்க அண்ணன் நின்னான்" என்றாள் அம்மா.

வக்கீல் பேனாவை மூடினார்.

6 பிப்ரவரி

பக்கத்துத் தெருவில் கல்யாணம். சந்தனத்தை முதலில் தன்னிடம் நீட்டவில்லை என்று மாமா இலையை விட்டு எழுந்துவிட்டார். "ஒண்ணுவிட்ட மாமன்னாலும் மாமன்தானல? முறை தெரியாத பயலுவளா." மூன்று பேர் கெஞ்சிய பிறகு வந்து உட்கார்ந்து மூன்று பாயசமும் குடித்தார். பாயசம் என்றால் அவருக்கு உயிர்.

எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. சிரிக்கும்போதே ஒன்று தோன்றியது. என் காதுகுத்து.

8 பிப்ரவரி

அம்மாவிடம் கேட்டு எல்லாவற்றையும் எழுதி வக்கீலுக்குத் தபாலில் அனுப்பினேன். இரண்டு பக்கம். மாமாவை மாட்டிவிடுவது சரியா? — பொய் சொல்லச் சொல்லவில்லையே. நடந்ததைத்தானே சொல்லப் போகிறார்.

9 மார்ச்

கூண்டில் மாமா. எங்கள் வக்கீல் ரொம்பச் சாதாரணமாக, "காது குத்தும்போது பிள்ளையை மடியில் வைத்திருந்தது அவள் அப்பாவின் தம்பியாமே?" என்றார்.

மாமாவின் முகம் சிவந்தது. "எவன் சொன்னான்? நான் குத்துக்கல்லு மாதிரி இருக்கும்போ வேறொருத்தன் மடியிலயா வைப்பாவ? எனக்க தங்கச்சிக்க பிள்ளைக்கு நாந்தான் தாய்மாமன். எனக்க பட்டுக்கரை வேட்டியில மூத்திரம் பேஞ்சதே இவதான்."

கோர்ட்டே சிரித்தது. எனக்குக் காது வரை சூடு.

"தங்கச்சி பிள்ளையானது எப்போது?"

"மஞ்சத்தண்ணி குடிச்ச அண்ணைக்கே ஆயாச்சில்லா. தண்ணி ஊத்துன கிண்டிச் செம்பப் பிடிச்சதும் நாந்தான்."

வக்கீல் உட்கார்ந்துவிட்டார். மாமா தன் வக்கீலைப் பார்த்தார். அவர் நெற்றியில் கை வைத்திருந்தார். பிறகு மாமா என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

18 ஜூலை

தீர்ப்பில் நான் மகள். வீடு வரும்வரை பஸ்ஸில் அம்மாவின் கையை விடவில்லை.

21 ஆகஸ்ட்

மார்ச்சிலிருந்து மாமா எங்கள் தெரு வழியே வருவதில்லை. குளத்தைச் சுற்றிக்கொண்டு போகிறார். ஓணத்துக்கு எங்கள் வீட்டிலிருந்து போகும் கோடித்துணி அவருக்குத் தவறியதே இல்லை என்றாள் அம்மா. வடசேரியில் பட்டுக்கரை வேட்டி எடுத்துக் கொடுத்தனுப்பினோம். மடிப்புக்குள் ஒரு சீட்டு வைத்தேன்: 'அன்றைக்கு நனைத்ததற்கு.'

அம்மா அதைப் பார்த்துவிட்டாள். "வாய்க்கொழுப்பப் பாரு. அந்த மாமனுக்க மருமவதான் நீ." ஆனால் சீட்டை எடுக்கவில்லை.

2 செப்டம்பர்

ஓமனா ஓணச் சாப்பாட்டுக்கு வந்திருந்தாள். பாயசம் இறக்கும் நேரத்தில் வாசலில் ஒரு செருமல். மாமா. இடுப்பில் புது வேட்டி. அம்மாவைப் பார்க்காமல் என்னிடம், "ஏட்டி, இந்த வீட்டுல சந்தனம் உண்டுமா?" என்றார்.

ஓடிப்போய் அரைத்துக் கொண்டுவந்தேன். ஓமனாவும் கையை நீட்டினாள்.

முதலில் மாமாவுக்கு.