முறத்தடி வழக்கு

1935

ஜூலை 9, செவ்வாய்.
காலையிலிருந்தே புழுக்கம். திண்டிவனம் கோர்ட்டில் இன்றும் வாய்தா. மூன்றாவது முறை. பள்ளிக்கூடத்து லீவு ஒன்று வீண்.

நடந்தது இவ்வளவுதான். காயப்போட்ட கேப்பையைத் தம்பி சின்னப்பன் வீட்டு ஆடு தின்றது. அவன் பெண்டாட்டியை ஒரு வார்த்தை சொல்லிவிட்டேன். சின்னப்பன் எங்கள் முறத்தையே எடுத்து என் தோளில் ஒன்று வைத்தான். வீங்கக்கூட இல்லை. நான்தான், நாலெழுத்து படித்த திமிரில், போலீசுக்கு எழுதினேன்: "மூங்கிலால் செய்த ஆயுதத்தால் தாக்கினான்." முறம் என்று எழுதியிருந்தால் சிரித்துத் துரத்தியிருப்பார்கள்.

ஜூலை 10, புதன்.
ஏட்டிடம் போய்க் கேஸ் வேண்டாம் என்றேன். "எழுதிக் குடுக்கறவரைக்கும் ஒன் கேஸு, வாத்தியாரே. இப்ப சர்க்கார் கேஸு."

சின்னப்பன் விழுப்புரம் ரயில்வேயில் தற்காலிகக் கூலி. அடுத்த மாதம் நிரந்தரமாக வேண்டியவன். தண்டனை என்றால் பெயரை அடித்துவிடுவார்களாம். அவனுக்கு மூன்று பிள்ளைகள். எங்கள் வம்சத்தில் மாதச் சம்பளம் பார்த்தவன் நான் ஒருவன், அடுத்து அவன். என் வாயில் மண்.

வீட்டுக்காரி: "மொறம் கோர்ட்டுல கெடக்குது. அரிசிய எதுலங்க பொடைக்கிறது?"

வாங்க வேண்டியவை: மண்ணெண்ணெய், பலப்பம், முறம்.

ஜூலை 16, செவ்வாய்.
விசாரணை, ஒருவழியாக. வேதப் புத்தகத்தைத் தொட்டு, "அவன் அடிக்கவில்லை, நானே தடுக்கி விழுந்தேன்" என்றேன். ஞாயிறுதோறும் பிள்ளைகளுக்குப் பத்துக் கட்டளை சொல்லிக்கொடுக்கிறவன்.

அடுத்து தம்பி. அடித்தாயா என்று மாஜிஸ்திரேட் கேட்டார். இல்லை என்று அவன் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். போதும். மடையன் சொல்கிறான்: "அடிச்சேங்க. எனக்காவ எங்க அண்ணன் பொய் சொல்லுது. அத ஒண்ணும் பண்ணிடாதீங்க."

தலையில் அடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. அழுகையும் வந்தது.

மாஜிஸ்திரேட் முறத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். சட்டத்தில் ஒரு பிரிவு இருக்கிறதாம். சாதாரண அறிவும் பொறுமையும் உள்ள எவனும் இந்த அற்ப அடிக்குப் புகார் செய்யமாட்டான் என்று சொல்லித் தள்ளுபடி செய்தார். பிறகு என்னிடம், "நீர் பள்ளிக்கூட வாத்தியாரா?"
"ஆமாங்க."
"ம்" என்றார். அந்த 'ம்'முக்கு, சத்தியம் செய்து சொன்ன பொய்க்காக என்னை உள்ளேயே போட்டிருக்கலாம்.

ஜூலை 17, புதன்.
தூறல். திண்டிவனம் ஸ்டேஷனில் தம்பியை வண்டியேற்றப் போனேன். வேலைக்கு இனி ஆபத்தில்லை. வண்டி முக்கால் மணி தாமதம். வறுத்த மல்லாட்டை வாங்கிக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டான்.

"ஏன்டா உண்மையச் சொன்னே? எல்லாம் கெட்டிருக்குமே."

கடலைத் தோலை உரித்துக்கொண்டே சொன்னான்: "அத வுடுண்ணா. அன்னிக்கிப் பதிலுக்கு நீ ரெண்டு போட்டிருந்தா வாங்கிக்கினு போயிருப்பேன். சாயங்காலமே ஒன் ஊட்டாண்ட வந்திருப்பேன். நீ உள்ள போயி ஒக்காந்துக்கினு நெதானமா எழுதினியே."

வண்டி வந்துவிட்டது.