வட்டம் இல்லாத இடம்

அன்புள்ள கெர்டா அக்கா,

நேற்று ஜேர்மனியிலிருந்து உங்கள் மகள் வந்து போனாள். நீங்கள் போய் எட்டு மாதத்துக்குப் பிறகு நேற்றுத்தான் நான் நிம்மதியாக மூச்சு விட்டேன். அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். கேட்டால் கோபப்படுவீர்கள். படுங்கள், பரவாயில்லை.

எழுபத்தைந்து வயதிலும் அம்மா என்று கூப்பிட விடமாட்டீர்கள். அம்மா வேடம் போதும் போதுமென்று போட்டாயிற்று, அக்கா என்று சொல் என்பீர்கள். பத்தொன்பது வயதில், வசனம் ஒன்றும் இல்லாமல், தேநீர்த் தட்டோடு ஹம்பேர்க் மேடையில் ஏறியவர் நீங்கள். பிறகு முப்பது வருடம் நாடகம், இடையிடையே சினிமா. மூன்று படத்தில் செத்தீர்கள். கணவரோடு மொன்றியலுக்கு வந்தபின் உங்கள் பேச்சின் ஜேர்மன் தொனியைக் கேட்டு நாஜி அதிகாரியின் மனைவியாக நடிக்க மட்டும்தான் கூப்பிட்டார்கள் என்று சொல்லிச் சிரிப்பீர்கள். அந்தச் சிரிப்புக்குள் என்ன இருந்தது? நான் கேட்டதில்லை.

நடிப்பை விட்டுப் பத்து வருடம் கழித்து நோத்ர-டாம்-த-கிரேஸ் தேவாலயத்தின் கீழ் மண்டபத்தில் நடிக்கக் கேட்டபோது உங்களுக்குப் பயம் வந்தது. ஞாபகம் பிசகத் தொடங்கியிருந்தது. எதிர்வீட்டுக்காரி, கார்டெரிக் காப்பகத்தில் பிள்ளை பார்க்கிறவள், பிரெஞ்சு வாசிப்பாள் என்று என்னைத் திரைக்குப் பின்னால் தாளோடு உட்கார்த்தினீர்கள். மறந்தால் அடி எடுத்துக் கொடு, வேண்டுமென்று நிறுத்தினால் வாயைத் திறக்காதே என்றீர்கள். எப்படித் தெரியும் என்று கேட்டேன். என் முகத்தைப் பார் என்றீர்கள்.

அன்று உங்கள் வேடம், ரயில் நிலையத்தில் மகனுக்காகக் காத்திருக்கும் தாய். "அவன் கடிதத்தில்" என்று தொடங்கி நின்றுவிட்டீர்கள். பத்து வரை எண்ணினேன். திரை இடுக்கால் பார்த்தும் உங்கள் முகம் பிடிபடவில்லை. அடுத்த வரியைச் சொன்னேன், முன்வரிசைக்கே கேட்டது. நீங்கள் அதைப் பிடித்துக்கொண்டு முடித்தீர்கள். எல்லோரும் எழுந்து கைதட்டினார்கள்.

பிறகு கோப்பியோடு நின்றவர்களிடம் சொன்னீர்கள்: "என் வாழ்க்கையிலேயே சிறந்த மௌனம் அது. என் தோழிக்குத்தான் பொறுமை இல்லை."

நானும் சேர்ந்து சிரித்தேன். வீட்டுக்கு வந்து அழுதேன். மூன்று கிழமையில் நீங்கள் தூக்கத்திலேயே போய்விட்டீர்கள். யாரிடம் மன்னிப்புக் கேட்பது?

நேற்று மகள் உங்கள் நாடகத் தாளைக் கொண்டுவந்தாள். நிறுத்தவேண்டிய இடமெல்லாம் பென்சிலால் சின்ன வட்டம் போடுவது உங்கள் பழைய வழக்கமாம். எனக்குத் தந்த தாளில் அது இல்லையே. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அந்த வரியைத் தேடினேன். அங்கே வட்டம் இல்லை.

அதன்பிறகுதான் அவள் வாயைத் திறந்தாள். நாடகத்துக்கு மறுநாள் காலையே மூலைக்கடைத் தெபனரில் வாங்கிய தொலைபேசி அட்டையில் அவளைக் கூப்பிட்டு, எல்லாம் வெறுமையாகிவிட்டது, பத்மா இல்லாவிட்டால் அங்கேயே நின்றிருப்பேன் என்று அழுதீர்களாம். என்னிடம் சொல்லக்கூடாது என்று வேறு சத்தியம் வாங்கினீர்களாம். சரியான கள்ளி அக்கா நீங்கள்.

குசினியில் வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்த என் மனுசனிடம் சொன்னேன். "அப்ப நீ கெடுக்கேல்லை, காப்பாத்தியிருக்கிறாய்" என்றார். நேற்று இரண்டு தரம் சோறு போட்டுச் சாப்பிட்டேன்.

கோபம் வராமல் இல்லை. ஆனால் முப்பது வருடத்துக்கு மேல் வெளிச்சத்தில் நின்றவர், மறந்துவிட்டேன் என்று அத்தனை பேர் முன்னால் எப்படிச் சொல்வார்? நான் இருட்டில் இருந்தவள்தானே. என்னால் தாங்க முடிந்தது.

உங்கள் ரகசியத்தை இப்படித் திறந்த கடிதமாக ஊரறிய எழுதிவிட்டேன். இந்த ஒரு தடவை பொறுத்துக்கொள்ளுங்கள். வசந்தத்தில் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில் எங்கள் தமிழ் ஆட்கள் நாடகம் போடுகிறார்கள். அடி எடுத்துக் கொடுப்பது நான்தான். யாராவது மறந்து நின்றால் கொடுப்பேன். முடிந்ததும், அவர்கள் வாயைத் திறக்குமுன் நானே சொல்லிவிடுவேன், பொறுமையில்லாமல் அவசரப்பட்டவள் நான் என்று.

திரைக்குப் பின்னால் இருக்கும்
உங்கள் தங்கச்சி,
பத்மா