பூமி பூஜைக்கு ஏன் போனார்

9-6-97, திங்கள்
பாலக்காட்டுக் கணவாய்க் காற்று. விட்டு விட்டுச் சாரல். நகராட்சியில் டெண்டர் பெட்டி திறந்தார்கள், மேல்நிலைத் தொட்டி வேலை. எல்லோரையும்விட என் தொகைதான் குறைவு. அடுத்தது ராமசாமி; வீட்டுக்காரரின் சித்தப்பா மகன், எனக்குக் கொழுந்தனார், அண்ணி என்பதை நங்கை என்றுதான் கூப்பிடுவார். மேஸ்திரி ஆரோக்கியத்துக்குச் சந்தோஷம் தாங்கவில்லை, ஆட்களுக்கெல்லாம் பன் வாங்கிக் கொடுத்துவிட்டார். இந்த வருஷம் ஒரு சர்க்கார் வேலையாவது கிடைத்தால்தான் காண்ட்ராக்டர் பதிவைப் புதுப்பிப்பார்கள். இல்லாவிட்டால், வீட்டுக்காரர் தவறிய பிறகு இழுத்துப் பிடித்த கம்பெனிக்கு மூடுவிழா.

25-6, புதன்
தபால். என் டெண்டர் தள்ளுபடி. 'சொந்தப் பெயரில் முன் அனுபவம் இல்லை.' அறிவிப்பில் அப்படி ஒரு நிபந்தனையே கிடையாது. பெட்டி திறந்த பிறகு உட்கார்ந்து சேர்த்திருக்கிறார்கள். செத்தவர் அனுபவம் அவரோடு போயிற்றாம். அவர் கட்டிய தொட்டிக்கெல்லாம் வெயிலில் நின்று கம்பிக் கணக்குப் பார்த்தவள் நான். வேலை ராமசாமிக்கு.
வக்கீல்: "ஹைகோர்ட்டுல ரிட் மனு போட்ரலாமுங்க. யாருக்குக் குடுக்கோணும்னு கோர்ட்டு சொல்லாதுங்க. முடிவெடுத்த முறை சரியான்னு பாக்கும். முறைதான் தப்பாச்சுங்களே."
கேஸ் சிலிண்டர் புக் பண்ணணும்.

2-7, புதன்
ராமசாமியும் மனைவியும், வெற்றிலைத் தட்டோடு. "ஏனுங்க நங்கை, வெள்ளிக்கெழம பூமி பூஜைங்க. நீங்கதான் மொதக் கல்லு வெக்கோணும்."
"நானாங்க?"
"அண்ணன் இருந்திருந்தா அவருதானுங்க வெச்சிருப்பாரு."
அழுகை வந்துவிட்டது. அவர் போனதிலிருந்து ஒரு நல்ல காரியத்திலும் என்னை முன்னால் விட்டதில்லை. வளைகாப்பு, சீர், எதுவானாலும் பின்வரிசை. வருகிறேன் என்று சொல்லிவிட்டேன்.
ஆரோக்கியம்: "போகாதீங்கம்மா. கேசு போடறவங்க அங்க போயி நிக்கலாமுங்களா?" எரிந்து விழுந்தேன்.

4-7, வெள்ளி
போனேன். கல் வைத்தேன். போட்டோ. கேசரி நன்றாக இருந்தது. பட்டுப்புடவையில் சேறு.

11-8, திங்கள், மெட்ராஸ்
புழுக்கம். நிபந்தனையைப் பிறகு சேர்த்தது முறையில்லை என்று நீதிபதியே சொன்னார். மனசு லேசாயிற்று. உடனே எதிர்த்தரப்பு வக்கீல் அந்தப் போட்டோவை நீட்டினார். ஆட்சேபணை உள்ளவர் பூமி பூஜைக்கு ஏன் போனார் என்று நீதிபதி கேட்டார். எங்கள் வக்கீல் திரும்பிப் பின் பெஞ்சில் இருந்த என்னைப் பார்த்தார். என்ன சொல்ல? தாலியறுத்தவளை ஒருவன் முன்னால் கூப்பிட்டான், அதனால் போனேன் என்றா?
தள்ளுபடி. வேலை ஆரம்பித்தாயிற்று, குடிதண்ணீர் விஷயம், மனுதாரரே சம்மதித்துக் கல் வைத்திருக்கிறார்.
சண்டாளன். கணக்குப் போட்டுத்தான் தட்டை எடுத்து வந்திருக்கிறான். அன்றைக்கு நான் பட்ட சந்தோஷத்தை நினைத்தால் உடம்பு கூசுகிறது.

13-8, புதன்
கால் வீக்கம். மாத்திரை தீர்ந்துவிட்டது. ராமசாமி போன்.
"கோர்ட்டுக்குப் போனதெல்லாம் நான் மனசுல வெச்சுக்கலீங்க நங்கை. கம்பி கட்டற வேலைய நீங்களே செஞ்சுபோடுங்க. பில்லு மட்டும் எம்பேர்லயே இருக்கட்டும்."
அப்படியென்றால் இந்தத் தொட்டியும் என் அனுபவம் ஆகாது. பதிவும் போய்விடும். ஷெட்டைப் பார்த்தேன். ஆரோக்கியமும் ஆட்களும் ஆடி முழுக்க வேலையில்லாமல் அங்கேயேதான் உட்கார்ந்திருக்கிறார்கள்.
"சரிங்க, நாளைக்கு ஆளுங்கள அனுப்பறேனுங்க" என்றேன்.