நாரை போட்ட பஸ் தரிப்பிடம்

ஏப்ரல் 25, வெள்ளி. வெம்பிளி

காலை முழுக்கத் தூறல். கடைக்கு முருங்கைக்காய் ஆறு பெட்டி வந்தது. இரண்டில் பூஞ்சணம். திருப்பி அனுப்பியாயிற்று.

நாளை மோல்டோவா. நாலு நாள், வழிகாட்டியோடு பதினொரு பேர். எனக்குத் தெரிந்தவர் ஒருவரும் அந்த நாட்டுக்குச் சுற்றுலா போனதில்லை. புஷ்பம் பயணப் பெட்டி அடுக்கிக்கொண்டே கேட்டாள்:

"கலியாணம் கட்டி இருபத்தாறு வருசம். சவுத்தாலைத் தாண்டி ஒரு இடம் கூட்டிக்கொண்டு போனியளோ? இப்ப என்ன திடீரெண்டு?"

"வால்நட் பாக்கப் போறன். அங்கை மலிவு."

"வால்நட் பாக்கிற மனிசன் ஏன் வேர்க்கிறார்?"

இவளிடம் பொய் விற்பது கடினம்.

கொண்டுபோக: முழங்கால் மருந்து, கம்பளிச் சட்டை, மிக்சர், மிளகாய்த்தூள் சின்னப் போத்தல் (புஷ்பம் அது இல்லாமல் சாப்பிடமாட்டாள்).

உண்மைக் காரணம் இங்கே மட்டும். சுற்றுலாக் கம்பனியின் துண்டுப் பிரசுரம் கடைக் கதவுக்குள்ளால் வந்து விழுந்தது. அட்டையில் ஒரு பஸ் தரிப்பிடம். நீல மொசைக். நாரை ஒன்று, அலகில் திராட்சைக் குலை. சோவியத் காலக் கலையாம். லண்டனுக்குக் களவாக வந்த வழியில், அந்தத் தரிப்பிடத்து வாங்கில்தான் கூட்டாளி சிவநேசனை இருத்திவிட்டு வந்தேன். இருபத்தொன்பது வருடம்.

அவன் மனைவி கலா இன்றும் காசு வாங்கும் டில்லில் நின்றாள். பத்தொன்பது வருடமாக என் கடையில். நெற்றியில் பொட்டு, கழுத்தில் தாலி. கவுன்சில் படிவம் எதிலும் "திருமணமானவர்" என்றுதான் அடையாளமிடுவாள். விதவை என்று மாற்றினால் பெனிபிட் காசு கூட வரும் என்று நானே ஒருமுறை சொன்னேன். "அவர் செத்ததெண்டு ஆர் சொன்னது அண்ணை?" என்றாள்.

புறப்படும்போது, "நல்லாச் சுத்திப் பாத்திட்டு வாங்கோ அண்ணை, கடையை நான் பாக்கிறன்" என்றாள்.

ஏப்ரல் 26, சனி. கிஷினாவ்

லூட்டனில் இருந்து மூன்றரை மணி நேரம். முன்பு வந்தபோது மொஸ்கோவில் இருந்து பதினேழு நாள்.

வழிகாட்டி இரினா. முப்பது வயசிருக்கும், நல்ல ஆங்கிலம், மஞ்சள் குடையைத் தூக்கிப் பிடித்தபடி நடக்கிறாள். மற்றவர்கள் ஓய்வுபெற்ற வெள்ளைக்காரர். ஒருவர் புவியியல் ஆசிரியர், எல்லாவற்றையும் இரினாவுக்கே விளக்குகிறார்.

வழி நெடுக வால்நட் மரம். ஆள் வைத்துப் பொறுக்குவதாகத் தெரியவில்லை. வியாபாரம் உண்மையாகவே இருக்கலாம்.

இரவுச் சாப்பாடு சோளமாக் களி. நூலால் வெட்டித் தருகிறார்கள். பு. மிளகாய்த்தூள் போத்தலைத் திறந்தாள். புவியியல் ஆசிரியரும் கொஞ்சம் கேட்டு வாங்கி இருமினார்.

நாளை அந்தத் தரிப்பிடம். பார்த்துவிட்டு, மனதுக்குள் ஒரு மன்னிப்புக் கேட்டுவிட்டு, திரும்பிவிடுவேன். அவ்வளவுதான்.

ஏப்ரல் 27, ஞாயிறு

நடந்த வரிசையிலேயே எழுதவேண்டும். இல்லாவிட்டால் நாளைக்கு நானே நம்பமாட்டேன்.

பத்தரைக்குத் தரிப்பிடம். அதே வாங்கு, சீமெந்து. நான் நினைவில் வைத்திருந்ததைவிடச் சின்னது. நாரையின் ஒரு கால் உதிர்ந்துபோயிற்று. புவியியல் ஆசிரியர் வாங்கில் கால்மேல் கால் போட்டு இருந்தார், மனைவி படம் எடுத்தாள். நான் பின்பக்கம் போனேன். ஏழு பேர் அங்கேதான் குந்தியிருந்தோம். சிவநேசனுக்குக் காய்ச்சல், நெஞ்சுச் சளி, இருமல். வான்காரன் சொன்னான், எல்லையில் இவன் இருமினால் எல்லோரும் மாட்டுவோம், ஒரு மணித்தியாலத்தில் அடுத்த வண்டி வரும், அதில் ஏற்றுகிறேன் என்று. வாங்கில் இருத்தினோம். "அடுத்த வண்டியில வா மச்சான்" என்றேன். அடுத்த வண்டி இல்லை என்று எனக்குத் தெரியும். வியாபாரிக்கு மற்றவன் பொய் சொல்வது முகத்தில் தெரியும். அப்போதே தெரிந்தது.

பிறகு இரினா எங்களை ஊர்க் கல்லறைக்குக் கூட்டிப்போனாள். இன்று இவர்களுக்குச் செத்தவர்களின் ஈஸ்டராம். குடும்பம் குடும்பமாகக் கல்லறையில் மேசை போட்டுச் சாப்பிடுகிறார்கள். முன்பின் தெரியாதவர்களுக்கும் கொடுப்பார்களாம், மறுக்கக்கூடாதாம். வாங்குகிறவன் வாயால் செத்தவர் சாப்பிடுகிறாராம்.

"சுடலையில சாப்பாடோ? எனக்கு வேண்டாமப்பா" என்றாள் பு.

மேட்டு நிலம். நீலச் சிலுவைகள். சிவப்பு முட்டை, பிளாஸ்டிக் போத்தலில் ஒயின். எல்லோரும் சிரித்துக் கதைத்துக்கொண்டிருந்தார்கள். நீலத் தலைத்துண்டு கட்டிய ஒரு மனுசி, அறுபது வயசிருக்கும், தன் மேசையை விட்டு எழும்பி நேரே என்னிடம் வந்தாள். பதினொரு பேரில் என்னிடம் மட்டும். கையில் வளையம் மாதிரி ஒரு பாண், இனிப்பு நிறைத்த கோப்பை, மெழுகுதிரி, பூத்துவாய். நான் வேண்டாம் என்று கையைக் காட்டினேன்.

அவள் சொன்னாள்: "சாப்பிடு."

தமிழ்.

பு. என் கையைப் பிடித்தாள். "இஞ்சேருங்கோ, இவ தமிழ் கதைக்கிறா."

இரினாவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. மனுசி என் சட்டைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். ஒரு கல். கல்லில் முட்டை வடிவத்தில் ஒரு படம். வழுக்கை, நரைத்த மீசை, கொழுத்த கன்னம். இடது புருவத்தைக் குறுக்கே வெட்டிய தழும்பு. சிவநேசன் பள்ளிக்கூடத்தில் சைக்கிளால் விழுந்த தழும்பு. நானும் சேர்ந்துதான் விழுந்தேன்.

கீழே பெயர்: ராஜேஷ் குமார்.

பக்கத்துக் கல்லறையின் வாங்கில் இருந்துவிட்டேன்.

அந்தப் பெயர் யார் என்று லண்டனில் தெரிந்த ஒரே ஆள் நான். மொஸ்கோவில் ஏஜென்ட் அவனுக்குத் தந்த இந்தியக் கடவுச்சீட்டுப் பெயர். எனக்குப் பிரகாஷ். ஒரு கிழமை அறைக்குள் அடைந்திருந்து அந்தப் பெயர்களால் கூப்பிட்டுப் பழகினோம். மாறிக் கூப்பிட்டால் தலையில் குட்டு.

செத்து எட்டு வருடம். அப்படியென்றால் இருபத்தொரு வருடம் உயிரோடு இருந்திருக்கிறான். அந்த வாங்கில் இருந்து பத்து நிமிட நடையில்.

மனுசியின் பெயர் வெரா. இரினா மொழிபெயர்த்தாள். பால் பண்ணைக்குப் போக விடிய பஸ்ஸுக்கு வந்தபோது கண்டாளாம். பிரேதம் என்று நினைத்தாளாம். தகப்பனும் அவளும் கை வண்டிலில் ஏற்றிக் கொண்டுபோனார்கள். ஒரு மாதம் படுக்கை. எழும்பிய பிறகு ஊருக்கு நாலு கடிதம் போட்டானாம். ஒன்றுக்கும் பதில் இல்லை. எப்படி வரும்? அந்த வருடங்களில் ஊரே இடம்பெயர்ந்து கிடந்தது. கலா வன்னியில் மர நிழலில். தன் ஆட்கள் ஒருவரும் மிஞ்சவில்லை என்று அவன் முடிவு கட்டிவிட்டான். டிராக்டர் ஓட்டினான். ஐந்தாம் வருடத்தில் இருந்து வெராவோடு. பிள்ளைகள் இல்லை. கடைசியில் மாரடைப்பு.

"விட்டிட்டுப் போனவர்களைப் பற்றி ஏதாவது சொன்னாரா?" என்று கேட்கச் சொன்னேன். இரினா தயங்கித்தான் கேட்டாள்.

வெரா சொன்னது: "ஒரு கூட்டாளி தன் ஜாக்கெட்டைக் கழற்றிப் போர்த்திவிட்டுப் போனான். அதனால்தான் பிழைத்தேன் என்பார்."

ஜாக்கெட் எனக்கு ஞாபகமே இல்லை. மண்டையைப் போட்டு உடைக்கிறேன். வரவில்லை.

நின்றபடி பாணில் ஒரு துண்டு பிய்த்துச் சாப்பிட்டேன். பு.வும் சாப்பிட்டாள், ஒன்றும் கேட்காமல். மிச்சத்தை வெரா துவாயில் சுற்றித் தந்தாள்.

ஏப்ரல் 28, திங்கள்

மழை. மற்றவர்கள் ஒயின் நிலவறைக்குப் போய்விட்டார்கள். நாங்கள் அறையில். பு. சுடலைக்குப் போய்வந்ததற்கு நேற்று ஒருமுறை தலை முழுகினாள், இன்று இன்னொருமுறை. ஈரத் தலையோடு கட்டிலில் இருந்து, "இனிச் சொல்லுங்கோ" என்றாள்.

சொன்னேன். ஹோம் ஆபீஸ் அகதி நேர்முகத்தில் நான் மொஸ்கோவில் இருந்து நேரே விமானத்தில் தனியே வந்ததாகச் சொன்னது. ஏஜென்ட் சொல்லித்தந்த கதை. பிறகு கலா லண்டன் வந்து என்னைத் தேடிப்பிடித்தபோது அவளுக்கும் அதையே சொன்னது: மொஸ்கோவில் பிரிந்தோம், பிறகு தெரியாது. காணாமல் போனவர்களைத் தேடுகிறவர்கள் மொஸ்கோவில் தேடினார்கள். சிவநேசன் என்ற பெயரில்.

பு. ஈரத் தலையை முடிந்தாள்.

"எனக்கும் சொல்லேல்லை."

"இல்லை."

"அப்ப அவளுக்கும் சொல்லாதேங்கோ. இருபத்தொன்பது வருசம் பொட்டோட இருந்திட்டாள். இனி அழிச்சு என்ன காணப் போறாள்? அந்தாள் இன்னொருத்தியோட இருந்ததையும் சேத்துக் கேக்கோணுமோ?"

"அவன் செத்திட்டான் புஷ்பம்."

"அவளுக்கு இன்னும் சாகேல்லையே."

மழையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஏப்ரல் 29, செவ்வாய். விமானத்தில்

பாதி மட்டும் சொல்லலாம். கல்லறையைத் தற்செயலாகக் கண்டோம், முகத்தை வைத்து அடையாளம் பிடித்தேன், ஏஜென்ட்காரன் மொஸ்கோவில் இருந்து அங்கே இழுத்துப் போயிருப்பான். நல்ல பொருத்தமான கதை. ஒரு ஓட்டை இல்லை. இப்படிக் கதை எனக்கு மூன்று நிமிடத்தில் வருகிறது. அதுதான் பயமாக இருக்கிறது.

துவாய்ப் பொதி மடியில். பு. தூங்குகிறாள், அல்லது தூங்குவதுபோல.

ஏப்ரல் 30, புதன். கடை

வெயில். வெண்டிக்காய் நல்லதாக வந்திருக்கிறது.

மத்தியானம் சனம் குறைந்த நேரம். கலாவை ஸ்டோருக்குக் கூப்பிட்டேன். அரிசி மூட்டையில் இருக்கச் சொன்னேன். இருக்கவில்லை. சொன்னேன். பாதியை மட்டும். பொதியைக் கொடுத்தேன். வாங்கி ரக்கைத் தட்டில் வைத்தாள்.

அழவில்லை. அந்தத் தட்டில் தேங்காய்ப்பால் ரின் ஒன்று பின்பக்கமாகத் திரும்பியிருந்தது. அதை எடுத்து லேபல் முன்னுக்குத் தெரியத் திருப்பி வைத்தாள்.

"எப்ப?"

"எட்டு வருசமாம்."

"எட்டுத் திவசம் விட்டுப்போச்சு." பிறகு, "அந்த மனுசி நல்லாப் பாத்தவவோ?"

"ஓம்."

"அவருக்கு உறைப்பு இல்லாமல் இறங்காது."

"வெரா மிளகாய் நட்டவவாம்."

தலையை ஆட்டினாள். முடிந்தது என்று நினைத்தேன். நெஞ்சுக்குள் ஒரு ஆறுதல்கூட எட்டிப் பார்த்தது. அப்போது கேட்டாள்:

"மொஸ்கோவில அவ்வளவு தேடினவங்கள், அங்கை ஏன் அண்ணை ஒருத்தரும் தேடேல்லை?"

கதை நாக்கு நுனியில் நின்றது. பு. சொன்னதும் காதில் நின்றது. என்ன நடந்ததோ தெரியாது, உண்மை வந்துவிட்டது. வான், வாங்கு, பெயர், எல்லாம்.

"அந்தப் பேர் உங்களுக்குத் தெரியும்."

"ஓம்."

"நான் உங்களட்டை எத்தினை தரம் கேட்டிருப்பன்?"

"கலா, என்ர கேஸ்... மாத்திச் சொன்னதெண்டு கண்டா என்னைத் திருப்பி அனுப்பியிருப்பாங்கள்."

"உங்கட கேஸ் எப்ப முடிஞ்சது?"

"வந்து நாலாம் வருசம்."

"அதுக்குப் பிறகு?"

அதற்குப் பிறகு. அதற்குப் பிறகு கடை வாங்கினேன். வீடு வாங்கினேன். அவளுக்கு வேலை கொடுத்தேன். கோயிலில் எல்லோரும் என்னைத் தங்கமான மனிசன் என்றார்கள். நானும் நம்பத் தொடங்கிவிட்டேன். இதில் எதைச் சொல்வது? அவள் கண் இமைக்காமல் நின்றாள்.

டில் பக்கம் யாரோ, "அக்கா, ஒருத்தரும் இல்லையோ?" என்று கூப்பிட்டார்கள்.

"வாறன்" என்றாள். போய் வெண்டிக்காய் நிறுத்து, பையில் போட்டு, மிச்சக் காசும் கொடுத்தாள். குரலில் ஒரு பிசகும் இல்லை. ஐந்து மணிக்கு வழக்கம்போலப் போனாள். எனக்குப் "போயிட்டு வாறன்" சொல்லவில்லை.

வீட்டில் பு. முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிட்டாள். சோறு போட்டாள். "சாப்பிடுங்கோ" என்றாள். ஏலவில்லை.

மே 1, வியாழன்

வானம் மப்பு. இன்று வரமாட்டாள் என்று நினைத்து டில்லில் நானே நின்றேன்.

ஒன்பது மணிக்கு வந்தாள். நெற்றியைப் பார்க்க எனக்குத் துணிவில்லை. நேரே ஸ்டோருக்குப் போனாள். கொஞ்ச நேரத்தில் திரும்பி வந்தபோது துவாய் தோளில். நான் உள்ளே போய்ப் பார்த்தேன். பாண் ரக்கையில் இருந்தது. கல்லுமாதிரிக் காய்ந்த பாண். நான் பிய்த்த பக்கத்துக்கு எதிர்ப்பக்கம் ஒரு கடி.

வெளியே வந்தேன். டில்லின் மேல் ஒரு கடுதாசியும் பேனையும் வைத்திருந்தாள்.

"அடுத்த கிழமை போறன். லீவு கேக்கேல்லை, சொல்லுறன்."

"நானும் வாறன் கலா. இடம் தெரியாது, பாஷை..."

"நீங்கள் வரவேண்டாம். பாதையை எழுதித் தாங்கோ. எந்த பஸ், எங்கை இறங்கிறது, அந்த மனுசியின்ர வீடு, கல்லில இருக்கிற பேர்." பேனையை என் பக்கம் தள்ளினாள். "இந்த முறை சரியா எழுதுங்கோ."

எழுதினேன். பொலிஸுக்கு எழுதிக் கொடுப்பதுபோல ஒவ்வொரு எழுத்தாக. நாரைத் தரிப்பிடத்தில் இறங்கி, வலப்பக்க ஒழுங்கையால் மேலே. பெயர் வந்த இடத்தில் ராஜேஷ் குமார் என்று எழுதி, பக்கத்தில் சிவநேசன் என்று எழுதினேன். அவள் வாங்கி வாசித்தாள்.

"விட்டிட்டுப் போனது ஆரெண்டும் எழுதுங்கோ. அந்த மனுசிக்குக் காட்டோணும்."

என் பெயரை எழுதினேன்.